பாலத்தில் நின்ற நரி

டிசம்பர் 11, திங்கள்

பேப்பர் சப்ளை செய்கிறவர் வருஷப் பிறப்புக்குக் கொடுத்த டைரி இது. பதினோரு மாதமாகக் கடை மேசைக்கு அடியில் காலியாகக் கிடந்தது. வருஷம் முடிவதற்குள் நாலு பக்கமாவது எழுதுவோம் என்று எடுத்தேன். மற்றபடி விசேஷம் ஒன்றும் இல்லை.

இல்லை, இருக்கிறது. என் வீட்டுக்காரருடைய சிங்கப்பூர்க் கூட்டாளி ஊருக்கு வந்தவர், ஒரு கேம் பெட்டி கொடுத்துவிட்டுப் போனார். முன்காலத்தில் டிவியில் மாட்டி விளையாடும் பெட்டி இருக்குமே, அதே பெட்டிதான், உள்ளங்கையில் அடங்குகிற அளவில் செய்திருக்கிறார்கள். கேசட் போட வேண்டாம். உள்ளேயே இருபத்தொரு கேம் இருக்கிறது. இவர் சிங்கப்பூர்க் கப்பல் பட்டறையில் இருந்தபோது பெரிய பெட்டியை வைத்து விளையாடியவராம். இப்போது பால் பண்ணையில் குளிரூட்டும் மெஷின் பார்க்கிறார், வயது நாற்பத்தேழு. பெயர் அடைக்கலம். பெயரை டைரியில் எழுதிக்கொள்ளலாம், வீட்டில் சொல்ல வாய் வராது.

பட்டியலை மேலிருந்து கீழாக இரண்டு தடவை பார்த்தார். "நரி கேம் இல்ல" என்றார். முகம் சுண்டிப்போயிற்று. பிறகு என் பக்கம் திரும்பி, "வாசுகி, கம்ப்யூட்டர்ல மாட்டி புது கேம் சேத்துக்கலாமாமே. உனக்குத்தான் அதெல்லாம் கைவந்த வேலையாச்சே" என்றார்.

வைகாசியில் கல்யாணம். அவருக்கு இரண்டாவது, எனக்கு முப்பத்தொன்பது வயதில் முதலாவது. இந்த ஏழு மாதத்தில் அவர் என்னிடம் கேட்டது உப்பும் சட்டைப் பொத்தானும்தான். இன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்த வேலை ஒன்றைக் கேட்டிருக்கிறார். சரி என்பதற்கு முன்னாலேயே பெட்டியை எடுத்துக் கடைப் பையில் வைத்துவிட்டேன்.

டிசம்பர் 13, புதன்

கடையில் காலையில் மூன்று வாரிசுச் சான்றிதழ், ஒரு பட்டா மாறுதல். தாலுகா ஆபீஸ் எதிரே ஜெராக்ஸ் கடை வைத்தால் ஊரில் யார் செத்தார், யார் சொத்தைப் பிரித்தார் என்பதெல்லாம் நமக்குத்தான் முதலில் தெரியும்.

மத்தியானம் பெட்டியைக் கம்ப்யூட்டரில் மாட்டினேன். லேசான வேலை இல்லை. பட்டனை அழுத்திப் பிடித்துக்கொண்டே ஒயரைச் செருக வேண்டும், விட்டால் திரும்ப முதலிலிருந்து. கேமை மட்டும் ஏற்றினால் போதாது. டிவியில் பெயரும் அட்டைப் படமும் வர வேண்டுமானால் ஒவ்வொன்றுக்கும் படம் தேடி அளவு வெட்டிப் போட வேண்டும். வெறும் சாம்பல் கட்டமாக விட்டுவிடலாம்தான். எனக்கு அரைகுறை வேலை ஆகாது. ஆறு கேம் சேர்த்தேன், ஆறுக்கும் படம் போட்டேன்.

சாயந்திரம் டிவியில் பார்த்தார். "அடேயப்பா, புதுசு மாதிரியே இருக்கே" என்றார். பிறகு, "நரி?"

"தேடிக்கிட்டிருக்கேன்."

தலையாட்டினார். ஆறில் ஒன்றைக்கூட விளையாடிப் பார்க்கவில்லை.

டிசம்பர் 16, சனி

நரி கேம் என்னவென்று சாப்பிடும்போது கேட்டேன். ஏழு மாதத்தில் இவ்வளவு நீளமாக அவர் பேசிக் கேட்டதில்லை. ஒரு நரி கையில் லாந்தர் பிடித்துக்கொண்டு, தொலைந்துபோன குட்டிகளைத் தீவு தீவாகப் போய்த் தேடுமாம். பெயரெல்லாம் ஜப்பான் எழுத்து, அதனால் இன்றுவரை நிஜப் பெயர் தெரியாதாம். முதல் தீவு முடிகிற இடத்தில் ஒரு தொங்குபாலம் வருமாம், அதில்தான் எல்லோரும் மாட்டுவார்களாம். சோற்றைப் பிசைந்த கையாலேயே பாலத்தை வரைந்து காட்டினார். நானும் சிரித்துக்கொண்டு கேட்டேன்.

"சகுந்தலாவும் நானும் அது முன்னால ஒக்காந்தா பொழுது போறதே தெரியாது" என்றார். "படையலுக்குள்ள கெடச்சிட்டா நல்லாருக்கும். அவளுக்குப் புடிச்சத எல்லாம் வைக்கணும்ல."

சகுந்தலா அவருடைய முதல் மனைவி. காமாலையில் போய் ஒன்பது வருஷம் ஆகிறது. குழந்தை இல்லை. கூடத்தில் படம் மாட்டியிருக்கிறது, தினமும் பூ வைப்பது நான்தான். எனக்கு அதில் ஒரு பொறாமையும் கிடையாது. செத்தவர்களோடு என்ன போட்டி?

ரசத்துக்குத் தாளித்த கடுகு கருகிவிட்டது. அவர் அதையே ஊற்றிக்கொண்டார்.

டிசம்பர் 17, ஞாயிறு

நரி கேம் கிடைத்துவிட்டது. தேட நாலு நிமிஷம்தான் ஆயிற்று. கடைக் கம்ப்யூட்டரில் இறக்கி வைத்திருக்கிறேன், அவரிடம் சொல்லவில்லை.

டிசம்பர் 20, புதன்

கார் ரேஸ், குத்துச்சண்டை, விமானம், மீன் பிடிப்பது, செங்கல் அடுக்குவது. இதோடு பெட்டியில் எண்பத்துநாலு கேம். அத்தனைக்கும் அட்டைப் படம். ஒரு மனுஷனுக்கு இது போதாதா?

"அது மட்டும் ஆப்புடல" என்றேன். "ஜப்பான்காரன் கேமு, பேரும் தெரியாம எங்கன்னு தேடுறது."

"பரவால்ல வாசுகி. நீ எவ்வளவு மெனக்கெட்டிருக்க" என்றார்.

திட்டியிருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும். பொய்யை நம்புகிறவர்கள் மேல் எனக்குக் கோபம் கோபமாக வருகிறது.

டிசம்பர் 21, வியாழன்

அவர் லீவு லெட்டர் பிரிண்ட் எடுக்கக் கடைக்கு வந்திருந்தார். நான் டீ சொல்லிவிட்டுத் திரும்பும்போது கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தார். "எடுத்துட்டேன்" என்று எழுந்துகொண்டார். டீ குடிக்காமலே போய்விட்டார், பண்ணையில் அவசரமாம்.

டிசம்பர் 23, சனி

நாத்தனார் பொன்மணி வந்திருந்தாள். அவர் தங்கை, ஆலங்குடியில் இருக்கிறாள். பொங்கலுக்கு முந்தின வெள்ளிக்கிழமை படையல். என்னென்ன செய்ய வேண்டும் என்று விரல் விட்டு எண்ணினாள். சீயம், பணியாரம், வாழைக்காய்ப் பொரியல், எல்லாம் சகுந்தலாவுக்குப் பிடித்தவை. புதுப் புடவை ஒன்று படத்துக்கு முன்னால் வைத்துக் கும்பிட்டபின், இரண்டாவதாக வந்தவள் அதை உடுத்திக்கொள்ள வேண்டுமாம். புடவையை நான்தான் எடுக்க வேண்டுமாம்.

"அவங்களுக்கு என்ன கலர் புடிக்கும்?" என்று கேட்டேன்.

"அவங்களுக்கு என்ன அவங்களுக்கு? அக்கான்னு சொல்லுங்க அண்ணி. மொறை அதுதான்."

"எங்க வீட்டுல ரெண்டு தம்பிதான். அக்கா யாரும் கெடையாது" என்றேன். வாய் கொஞ்சம் நீளம்தான் எனக்கு, அம்மாவே சொல்லுவாள்.

டிசம்பர் 24, ஞாயிறு

புடவை எடுத்தாயிற்று. கடைப் பெண் நல்ல நல்ல நிறமாகத்தான் எடுத்துப் போட்டாள். எல்லாவற்றையும் தள்ளிவிட்டு, யாரும் தொடாமல் அடியில் கிடந்த கடுகு மஞ்சளை எடுத்தேன். அவளுக்கு இது போதும்.

வீட்டுக்கு வந்து பிரித்துப் பார்த்தபிறகுதான் உறைத்தது. உடுத்தப்போவது நான்.

டிசம்பர் 27, புதன்

அவர் பரணில் ஏறிப் பழைய பெரிய பெட்டியை இறக்கினார். மழைத் தண்ணீர் இறங்கி உள்ளே துருப்பிடித்துப் போயிருக்கிறது, உயிர் இல்லை. ஆனால் பாலிதீன் பையில் சுற்றி வைத்திருந்த நரி கேசட் நன்றாக இருக்கிறது. மேலே சிரிக்கிற நரி படம்.

"இதுலயே சேவ் ஆகி இருக்கும்" என்றார். "மூணு பேர் வெளையாட மூணு எடம் இருக்கும். ஒண்ணுல நான், ரெண்டாவதுல சகுந்தலா. அவளே அவ பேரை அடிச்சது."

ஆக, கேம் மட்டும் இல்லை. அவள் கையால் அடித்த பெயரும் அதற்குள் உட்கார்ந்திருக்கிறது. கூடத்தில் படம், படையலில் புடவை, இப்போது பெட்டிக்குள்ளும். இந்த வீட்டில் நான் தனியாக இருக்கிற இடம் சமையலறை ஒன்றுதான்.

காரைக்குடி நண்பரிடம் நல்ல பெட்டி ஒன்று இருக்கிறதாம், பொங்கலுக்குக் கொண்டுவருவாராம். என்னைக் கேட்கவில்லை. "ஒனக்கெதுக்குச் செரமம், நானே பாத்துக்கறேன்" என்றார். கேசட்டுக்குள் வாட்ச் செல் மாதிரி ஒன்று இருக்கும், இருபது வருஷம் ஆகிவிட்டது, எப்போது வேண்டுமானாலும் தீரும், அதனால் ஞாயிற்றுக்கிழமை ஈயம் பற்றவைத்துப் புது செல் மாற்றிவிடப் போகிறார்.

டிசம்பர் 28, வியாழன்

கடையில் கூட்டம் இல்லை, படித்துப் பார்த்தேன். சேவ் செய்ததெல்லாம் அந்தச் செல்லின் உயிரில்தான் நிற்கிறது. கழற்றிய நொடியே எல்லாம் போய்விடும். அப்புறம் புது செல் போட்டாலும் வராது.

மெஷின் பார்க்கிற மனுஷன், கெட்டதைக் கழற்றி நல்லதை மாட்டிப் பழகிய கை. இது அவருக்குத் தோன்றாது.

நான் ஒன்றும் செய்ய வேண்டாம். சும்மா இருந்தால் போதும்.

டிசம்பர் 29, வெள்ளி

படத்துக்குப் பூ வைக்க மறந்துவிட்டேன். சொல்லலாமா என்று காலையிலிருந்து யோசனை. சொல்லவில்லை. பொறாமை இல்லை என்று முன்பு எழுதியதைப் புரட்டிப் பார்த்தேன். இருக்கிறது. நிறைய இருக்கிறது. அவர் அவள் பெயரைச் சொல்லும்போது குரல் ஒரு படி இறங்குகிறதே, என் பெயருக்கு அது இறங்குவதே இல்லை.

டிசம்பர் 31, ஞாயிறு

காலை பத்து மணிக்குச் சாப்பாட்டு மேசையில் பழைய பேப்பர் விரித்து உட்கார்ந்தார். பற்றவைக்கும் கோல் சூடாகிக்கொண்டிருந்தது. நான் எதிரே கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். திருகைக் கழற்றினார். மூடியைத் திறந்தார். உள்ளே வெள்ளைப் பொட்டு வைத்த மாதிரி செல். அதில் கை வைப்பதற்கு முன் என்ன செய்தார் தெரியுமா, கையை வேட்டியில் துடைத்துக்கொண்டார். சாமி படத்தைத் தொடுவதற்கு முன் துடைப்பாரே, அதே மாதிரி.

கோலைக் கிட்டே கொண்டுபோனார்.

"எடுக்காதீங்க" என்றேன். "செல்லக் கழட்டுனா எல்லாம் அழிஞ்சிரும்."

நிமிர்ந்து பார்த்தார். "ஒனக்கு எப்பத் தெரியும்?"

"வியாழக்கெழமையே தெரியும்."

பொய் ஒன்று தயாராகத்தான் வைத்திருந்தேன். வாயில் வேறு வந்துவிட்டது. அவர் கோலின் பிளக்கைப் பிடுங்கினார். ஒரு வார்த்தை திட்டவில்லை. எனக்கு அவள் மேல் இரக்கம் வந்துவிட்டதாக யாரும் நினைக்க வேண்டாம். அவர் தன் கையாலேயே அதை அழித்துவிட்டு, அப்புறம் காலம் பூராவும் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருப்பதை என்னால் பார்க்க முடியாது, அவ்வளவுதான்.

"கேசட்டை என்கிட்ட குடுங்க" என்றேன். யோசித்துவிட்டுக் கொடுத்தார்.

ஜனவரி 2, செவ்வாய்

புது டைரி வரவில்லை. இதிலேயே ஜனவரிப் பக்கங்கள் காலியாகத்தான் இருக்கின்றன, கிழமையை மட்டும் அடித்து எழுதிக்கொண்டால் போயிற்று.

செல்லைக் கழற்றாமலே கேசட்டில் இருப்பதைக் கம்ப்யூட்டருக்கு நகல் எடுக்க ஒரு கருவி இருக்கிறது. சென்னையில் ஒருவரிடம் பேசினேன், கூரியரில் அனுப்புகிறார். நகல் எடுப்பதுதானே என் பிழைப்பு.

ஜனவரி 6, சனி

கருவி வந்தது. ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு உட்கார்ந்தேன். கேசட்டை மாட்டி நகல் எடுத்தேன். பென்டிரைவில் இன்னொரு நகல். பிறகு யாரைக் கேட்க வேண்டும், திறந்து பார்த்தேன்.

முதல் இடம்: அடைக்கலம். அறுபத்தொரு மணி நேரம்.

இரண்டாம் இடம்: சகுந்தலா. பதினாலு நிமிஷம்.

மூன்றாம் இடம் காலி.

தப்பாக இருக்குமோ என்று கருவியைக் கழற்றித் திரும்ப மாட்டி எடுத்தேன். பதினாலு நிமிஷம்தான். அவளுடைய நரி தொங்குபாலத்துக்கு முன்னால் லாந்தரைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது. பாலத்தில் ஒரு அடிகூட வைக்கவில்லை. மூன்று வாரமாக நான் இந்தப் பதினாலு நிமிஷத்தோடா மல்லுக்கு நின்றேன்?

ஜனவரி 7, ஞாயிறு

பொன்மணிக்குப் போன் செய்து, பணியாரத்துக்கு அரிசி எவ்வளவு என்று ஆரம்பித்து, மெதுவாகச் சகுந்தலா கேம் விளையாடியதைப் பற்றிக் கேட்டேன்.

"கேமா?" என்று சிரித்தாள். "அவங்களுக்கு அந்தப் பொட்டியக் கண்டாலே ஆகாது அண்ணி. சிங்கப்பூர்லேர்ந்து லீவுல வந்தா அண்ணன் அது முன்னாலயேதான் ஒக்காந்திருக்கும். அண்ணன் பக்கத்துல ஒக்காரணும்னா அங்கதான ஒக்காரணும்? பூ கட்டிக்கிட்டு, அவரைக்கா உரிச்சுக்கிட்டு, பாவம், பக்கத்துலயே இருப்பாங்க. இது எப்ப எந்திரிக்கும்னு பாத்துக்கிட்டு."

போனை வைத்தபிறகு பார்த்தேன். என் மடியில் முறத்தில் அவரைக்காய் இருந்தது. எதிரே அவர் கார் ரேஸ் விளையாடிக்கொண்டிருந்தார். நான் சேர்த்துக்கொடுத்த கார் ரேஸ்.

ஜனவரி 9, செவ்வாய்

கையில் ஒரு வாக்கியம் இருக்கிறது. "அவங்களுக்கு அது புடிக்கவே புடிக்காது. ஒங்களுக்குத்தான் தெரியல." கடையில், பஸ் ஸ்டாப்பில், துணி காயப்போடும்போது சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். நன்றாகத்தான் இருக்கிறது. ஒன்பது வருஷமாக அவர் வைத்திருக்கிற படத்தை ஒரே இழுப்பில் கழற்றிவிடலாம்.

ஜனவரி 10, புதன்

நரி கேமையும் அந்த மூன்று இடங்களையும் பெட்டியில் ஏற்றினேன். கேசட் மேல் இருந்த சிரிக்கிற நரியையே படம் பிடித்து அட்டைப் படமாகப் போட்டேன். சாயந்திரம் டிவியில் மாட்டிக்கொடுத்துவிட்டு, வாக்கியத்தை நாக்கு நுனியில் வைத்துக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தேன்.

பெயர்களைப் பார்த்தார். அறுபத்தொன்றைப் பார்த்தார். பதினாலைப் பார்த்தார். வெகு நேரம் அதையே பார்த்தார்.

"பதினாலு நிமிஷம்தானா" என்றார்.



"ஒருநா அவளே வந்து ஜாய்ஸ்டிக்கை வாங்குனா. பாலத்துக்கிட்ட வந்து, எப்படிப் போறதுன்னு கேட்டா. நீயே கண்டுபுடின்னு சொல்லிட்டு நான் குளிக்கப் போயிட்டேன். வந்து பாத்தா அடுப்படில நின்னா." திரையில் இருந்த அவள் பெயரைக் காட்டினார். "அப்புறமும் அவ வெளையாண்டான்னுதான் இத்தன நாளும் நெனச்சுக்கிட்டிருக்கேன்."

சொல்ல வேண்டியதை அவரே சொல்லிவிட்டார். என் வாக்கியத்துக்கு வேலை இல்லாமல் போயிற்று. விழுங்கினேன், கசந்தது.

"ஒண்ணு சொல்லணும்" என்றேன். "கேம் அப்பவே கெடச்சிருச்சு. கெடைக்கலன்னு சொன்னது பொய்."

"தெரியும். ஒன் கம்ப்யூட்டர்ல நரின்னு போட்டு வச்சிருந்தியே. லெட்டர் எடுக்க வந்தப்பவே பாத்தேன்."

"ஏன் கேக்கல?"

"ஒனக்கு இஷ்டமில்லன்னு புரிஞ்சுச்சு. அதான் பரண்ல ஏறுனேன்." டிவியை அணைத்தார். "யாரையும் நான் சரியா கேட்டதில்ல வாசுகி."

குரல் ஒரு படி இறங்கிற்று. என் பெயரில்தான் இறங்கியது, நன்றாகக் கவனித்தேன்.

ஜனவரி 12, வெள்ளி

படையல் முடிந்தது. சீயம் உடையாமல் வந்தது. கடுகு மஞ்சளை வைத்துக் கும்பிட்டு, உடுத்திக்கொண்டு வந்தேன். பொன்மணி மேலும் கீழும் பார்த்தாள். "இந்தக் கலரு அவங்களுக்கும் ஆகாது அண்ணி" என்றாள். கண்ணாடியில் பார்த்தேன், மஞ்சள் காய்ச்சிய பாத்திரம் போல இருந்தேன். கேம் பெட்டியைப் படத்துக்கு முன்னால் வைக்கலாமா என்று அவர் கேட்கவே இல்லை. ஒரு முழம் மல்லிகையும் நாலு அவரைக்காயும் மட்டும் கூடுதலாக வைத்தார். ஏன் அவரைக்காய் என்று பொன்மணிக்குப் புரியவில்லை, போனில் எனக்குச் சொன்னதே அவள்தான்.

பொன்மணியைப் பஸ் ஏற்றிவிட்டு வந்து, சாயந்திரம் டிவி முன்னால் உட்கார்ந்தோம். ஜாய்ஸ்டிக்கை என்னிடம் நீட்டினார். "மூணாவது எடம் காலியாத்தான இருக்கு. ஒம் பேரை அடி."

வாங்கிக்கொண்டேன். அம்புக்குறியை மூன்றாவதுக்குக் கொண்டுபோனேன். என் பெயரின் முதல் எழுத்தைக்கூடத் தேர்ந்தெடுத்துவிட்டேன். இந்த வீட்டில் எனக்கென்று ஓர் இடம், யாரும் உட்காராத இடம். ஏழு மாதமாக அதைத்தானே கேட்டுக்கொண்டிருந்தேன்.

அதை அப்படியே விட்டுத் திரும்பி வந்து, இரண்டாவதைத் திறந்தேன்.

"அது சகுந்தலாவோடது" என்றார், பதறி.

"தெரியும். பென்டிரைவ்ல காப்பி இருக்கு, அந்தப் பதினாலு நிமிஷம் எங்கயும் போகாது. பயப்படாதீங்க."

நரி பாலத்துக்கு முன்னால் நின்றபடியே நின்றது. நடக்கவிட்டேன், வௌவால் கூட்டம் வந்து ஆற்றில் தள்ளிற்று. திரும்ப நடக்கவிட்டேன், திரும்பத் தள்ளிற்று. ஏழு தடவை விழுந்தேன். விளையாட்டு எனக்கு வராது. அவர் என்னையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தார், சொல்லலாமா கூடாதா என்று தெரியாத முகத்தோடு.

"எப்படிப் போறதுன்னு சொல்லுங்க" என்றேன். "அவங்க கேட்டாங்கள்ல."

அவர் நகர்ந்து பக்கத்தில் வந்து உட்கார்ந்து, என் கட்டைவிரலைப் பிடித்து ஒரு பட்டன் மேல் வைத்தார். "லாந்தரை அணைக்கணும். வெளிச்சத்தப் பாத்துத்தான் அதுங்க வருது. இருட்டுலயே நேரா நடத்து. எட்டு பலகை. எண்ணிக்கோ."

அணைத்தேன். திரை கறுத்தது. அவர் சத்தமாக எண்ண, நான் ஒவ்வொரு பலகையாக வைத்தேன். ஏழு வரைக்கும் குரல் நன்றாக இருந்தது, எட்டு சரியாக வரவில்லை. நான் முகத்தைப் பார்க்காமல் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். எட்டில் லாந்தர் தானாக எரிந்தது.

அக்கா பாலத்தைத் தாண்டியாயிற்று. என் பெயரை நாளைக்கு அடித்துக்கொள்ளலாம்.